இம்மானுவேல் சேகரன்

இம்மானுவேல் சேகரன் (அக்டோபர் 9, 1924 - செப்டம்பர் 11, 1957) தமிழ்நாட்டின் இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்த விடுதலைப் போராட்ட வீரரும், முன்னாள் படைவீரரும், தீண்டாமை எதிர்ப்புச் செயற்பாட்டாளரும் ஆவார். தேவேந்திரகுல வேளாளர் சமூகத்தில் பிறந்த இவர், 1957 ஆம் ஆண்டு பரமக்குடி நகரில் தமது 32 ஆவது வயதில் வெட்டிக் கொல்லப்பட்டார். முதுகுளத்தூரில் மாவட்ட ஆட்சியர் கூட்டிய அமைதிக் கூட்டத்தில் கலந்துகொண்டதற்கு மறுநாள் இக்கொலை நிகழ்ந்தது. இதனைத் தொடர்ந்து மூண்ட வன்முறை முதுகுளத்தூர் கலவரம் என அறியப்படுகிறது. விடுதலைக்குப் பின் தமிழ்நாட்டில் நிகழ்ந்த அரசியல் கொலைகளுள் மிகுதியாக ஆராயப்பட்டவற்றில் இதுவும் ஒன்றாகும்.

வட்டாரப் பின்னணி

மதுரையைக் கடந்து கிழக்கு நோக்கிச் செல்லும் வைகை ஆறு மானாமதுரை, பரமக்குடி ஆகிய ஊர்களின் வழியாக இராமநாதபுரம் சமவெளியை அடைகிறது. ஆற்றில் ஆண்டு முழுவதும் நீர் ஓடுவதில்லை. கண்மாய்களை நம்பியே வேளாண்மை நடந்து வந்தது. மழை பொய்க்கும் ஆண்டுகளில் வேலை தேடி மதுரைக்கும், கடல் கடந்து இலங்கைக்கும் பர்மாவுக்கும் மக்கள் சென்றனர். 1910 ஆம் ஆண்டு மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களின் பகுதிகளைக் கொண்டு இராமநாதபுரம் மாவட்டம் அமைக்கப்பட்டது. ஆயினும் அதன் ஆட்சியர் அலுவலகம் 1957 இலும் மதுரை நகரிலேயே இருந்தது. முதுகுளத்தூர்ச் சிற்றூர்களில் ஒரு பூசல் எழுந்தால், அதற்கான ஆணை ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் தொலைவிலிருந்து வரவேண்டியிருந்தது என்பதைப் பின்னர் நடந்தவற்றைப் படிக்கும்போது நினைவில் கொள்ளுதல் நலம்.

இப்பகுதியில் மறவர், தேவேந்திரகுல வேளாளர், நாடார் ஆகிய சமூகத்தினர் பெருமளவில் வாழ்ந்தனர். நெல் வயல்களில் உழைத்தவர்களில் பெரும்பாலோர் தேவேந்திரகுல வேளாளர். இவர்கள் அக்காலத்தில் பள்ளர் என்ற பெயரில் பதிவு செய்யப்பட்டிருந்தனர். மறவர்கள் பாளையக்காரர் காலம் தொட்டுப் படைத்தொழிலும் ஊர்க்காவலும் மேற்கொண்டு வந்தவர்கள். ஆங்கில அரசு ஊர்க்காவல் முறையை ஒழித்ததுடன், அச்சமூகத்தின் ஒரு பகுதியினரைக் குற்றப் பரம்பரைச் சட்டத்தின் கீழும் கொண்டுவந்தது. பிறப்பினாலேயே ஒருவரைக் குற்றவாளியெனப் பதிவு செய்து, இரவில் காவல் நிலையத்தில் கைரேகை வைக்கச் செய்த சட்டம் அது. முத்துராமலிங்கத் தேவர் இதனை எதிர்த்துப் போராடி அச்சமூகத்தின் மறுக்கவியலாத தலைவரானார். சென்னை மாகாணத்தில் அச்சட்டம் 1947 இல் நீக்கப்பட்டது. 1939 இல் மதுரை மீனாட்சியம்மன் கோயிலில் அ. வைத்தியநாத ஐயர் தலைமையில் தாழ்த்தப்பட்டோர் நுழைந்தபோது, அந்நுழைவுக்குத் தேவர் ஆதரவளித்தார் என்பதும் பதிவாகியுள்ளது. எனவே 1957 இல் நடந்ததை இரு சமூகங்களுக்கிடையே என்றென்றும் இருந்துவந்த பகையின் விளைவாகக் காண்பது பொருந்தாது. அப்பகை குறிப்பிட்ட சில ஆண்டுகளில், குறிப்பிட்ட காரணங்களால் முற்றியது.

இளமை

இம்மானுவேல் முதுகுளத்தூர் வட்டத்திலுள்ள செல்லூர் என்னும் சிற்றூரில் வேதநாயகம், ஞானசௌந்தரி இணையருக்குப் பிறந்தார். தந்தை பள்ளி ஆசிரியர். அக்குடும்பம் கிறித்தவ சமயத்தைச் சார்ந்தது. தென் மாவட்டங்களில் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்கு எழுத்தறிவு கிடைத்த வழிகளில் கிறித்தவ சமயப் பரப்பு அமைப்புகளின் பள்ளிகள் முதன்மையானவை. வயல் வேலைக்குப் பதிலாகக் கரும்பலகையின் முன் நிற்கும் தந்தையைக் கண்டு வளர்ந்தது அவரது பிற்கால நடத்தையை விளங்கிக்கொள்ள உதவும். பரமக்குடியிலும் இராமநாதபுரத்திலும் அவர் கல்வி பயின்றார்.

1942 ஆம் ஆண்டு வெள்ளையனே வெளியேறு போராட்டத்தில் பங்கெடுத்துச் சிறை சென்றார். அப்போது அவருக்கு வயது 18. மூன்று மாதச் சிறைவாசத்திற்குப் பின் விடுதலையானார்.

படைப்பணி

1945 ஆம் ஆண்டு இந்தியப் படையில் சேர்ந்தார். 1946 இல் அமிர்தம் கிரேசு என்பவரை மணந்தார். இவர்களுக்கு நான்கு பெண் குழந்தைகள் பிறந்தனர்.

இரண்டாம் உலகப் போர்க் காலத்திலும் அதனையொட்டியும் தென் மாவட்டங்களின் ஒடுக்கப்பட்ட இளைஞர் பலர் படையில் சேர்ந்தனர். படை முகாமில் சீருடையும் கால்மிதியும் அனைவருக்கும் ஒன்றே. மாதச் சம்பளம் கையில் கிடைத்தது. விடுமுறையில் ஊர் திரும்பியபோதோ, தெருவில் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடக்கவேண்டும் என்ற பழைய வழக்கம் அவர்களுக்காகக் காத்திருந்தது. இந்த முரண்பாட்டைத் தாங்க மறுத்த தலைமுறையின் ஆள் இம்மானுவேல். படைப்பணியைத் துறந்து ஊர் திரும்பியபின் முழுநேரமும் சமூகப் பணியில் ஈடுபட்டார்.

சமூகப் பணி

அந்நாளில் சிற்றூர்த் தேநீர்க் கடைகளில் இரட்டைக் குவளை முறை நிலவியது. சாதி இந்துக்களுக்குக் கண்ணாடிக் குவளையிலும், ஒடுக்கப்பட்டோருக்குத் தகரக் குவளையிலோ சிரட்டையிலோ தேநீர் தரப்பட்டது. குடித்த குவளையைத் தாமே கழுவி வைக்கவேண்டும். அமர்வதற்கு விசிப்பலகை கிடையாது. தோளில் துண்டு போடுதல், குடை பிடித்தல், ஊர்ப்பொதுக் கிணற்றில் நீர் எடுத்தல், திருமண ஊர்வலத்தைப் பொதுத்தெரு வழியே கொண்டு செல்லுதல் ஆகியவற்றுக்கும் பல ஊர்களில் தடைகள் இருந்தன. இம்மானுவேல் இவற்றை எதிர்த்து ஊர் ஊராகச் சென்று கூட்டங்கள் நடத்தினார். தேவேந்திரகுல வேளாளர் சங்கத்தின் பணிகளில் முன்னின்றார். இரட்டைக் குவளை முறைக்கு எதிரான மாநாடுகள் கூட்டப்பட்டன. பின்னர்க் காங்கிரசுக் கட்சியில் இணைந்து, அக்கட்சியின் வட்டாரத் தலைவர்களுள் ஒருவராக வளர்ந்தார்.

அவர் கோரியவற்றில் சட்டத்திற்குப் புறம்பானது எதுவும் இல்லை என்பது கருதத்தக்கது. 1950 இல் நடைமுறைக்கு வந்த இந்திய அரசியலமைப்பின் 17 ஆவது உறுப்பு தீண்டாமையை ஒழித்திருந்தது. 1955 இல் தீண்டாமைக் குற்றங்கள் சட்டம் இயற்றப்பட்டுவிட்டது. ஆனால் தேநீர்க் கடைக்காரர் தம் வழக்கத்தை மாற்றிக்கொள்ளச் சட்டம் மட்டும் போதவில்லை. யாரேனும் ஒருவர் கடைக்குள் சென்று விசிப்பலகையில் அமரவேண்டியிருந்தது. அவ்வாறு அமர்ந்தவர் சட்டப்படி சரியாகவும், ஊர் வழக்கப்படி வரம்பு மீறியவராகவும் ஒரே நேரத்தில் கருதப்பட்டார். ஊர் வழக்கத்தைக் காப்பவர்களிடம் நீதிமன்றம் இல்லை. தடியும் அரிவாளும் இருந்தன.

1957 ஆம் ஆண்டுத் தேர்தல்கள்

1957 பொதுத்தேர்தலில் ஃபார்வர்டு பிளாக் கட்சித் தலைவரான முத்துராமலிங்கத் தேவர் சிறீவில்லிபுத்தூர் மக்களவைத் தொகுதியிலும் முதுகுளத்தூர் சட்டமன்றத் தொகுதியிலும் வெற்றி பெற்றார். நாடாளுமன்றப் பதவியை வைத்துக்கொண்டு சட்டமன்றப் பதவியைத் துறந்தார். இதனால் முதுகுளத்தூரில் 1957 சூலை 1 அன்று இடைத்தேர்தல் நடந்தது. அதிலும் ஃபார்வர்டு பிளாக் சார்பில் நின்ற சசிவர்ணத் தேவரே வென்றார்.

தேர்தல் முடிவை விட அது நடந்த விதமே பின்விளைவுகளை உண்டாக்கியது. மறவர்கள் பெரும்பாலும் ஃபார்வர்டு பிளாக்கையும், நாடார்களும் தேவேந்திரகுல வேளாளர்களும் பெரும்பாலும் காங்கிரசையும் ஆதரித்தனர். அப்போது முதலமைச்சராக இருந்த காமராசர் நாடார் சமூகத்தைச் சேர்ந்தவர் என்பதும் இந்த அணிவகுப்பைக் கூர்மையாக்கியது. வயலில் கூலிக்கு நிற்பவர், தமக்குக் கூலி தருபவரின் கட்சிக்கு எதிராக வாக்களிக்கிறார் என்பது சிற்றூர்களில் வெளிப்படையாகத் தெரிந்தது. வாக்குச் சீட்டு மறைவானது; சாதி மறைவானதன்று. முடிவுகள் வெளியான பின் ஆங்காங்கே தாக்குதல்களும் எதிர்த்தாக்குதல்களும் தொடங்கின. ஆகத்து மாதம் முழுவதும் பதற்றம் நீடித்தது. செப்டம்பர் தொடக்கத்தில் அது உயிர்ச்சேதம் விளைவிக்கும் மோதல்களாக மாறியது.

அமைதிக் கூட்டம்

1957 செப்டம்பர் 10 அன்று மாவட்ட ஆட்சியர் சி. வி. ஆர். பணிக்கர் முதுகுளத்தூரில் அமைதிக் கூட்டம் ஒன்றைக் கூட்டினார். முத்துராமலிங்கத் தேவரும் சசிவர்ணத் தேவரும் மறவர் தரப்பில் கலந்துகொண்டனர். நாடார் தரப்பினரும் வந்திருந்தனர். தேவேந்திரகுல வேளாளர் தரப்பில் வந்தவர்களுள் இம்மானுவேலும் ஒருவர்.

கூட்டத்தில் நடந்தவை குறித்து வெவ்வேறு கூற்றுகள் உள்ளன. தேவருக்கும் இம்மானுவேலுக்கும் இடையே சொற்போர் நிகழ்ந்தது என்பதில் பெரும்பாலான பதிவுகள் ஒத்துப்போகின்றன. தம் சமூகத்தின் சார்பில் உறுதியளிக்கும் தகுதி இம்மானுவேலுக்கு உண்டா என்ற வினா எழுந்ததாகவும், அதற்கு அவர் பணியாது விடையளித்ததாகவும் கூறப்படுகிறது. அமைதி வேண்டுகோளில் அனைவரும் ஒரே தாளில் கையொப்பமிடுவதில் உடன்பாடு ஏற்படாமல், தனித்தனித் தாள்களில் ஒப்பம் பெறப்பட்டது. ஒரு வேண்டுகோளுக்குத் தனித்தனித் தாள் தேவைப்பட்டது என்பதே அன்றைய நிலைமையை உணர்த்தப் போதுமானது. அத்தாளில் சொல்லப்பட்டதை விட, யாருடைய பெயருக்குப் பக்கத்தில் யாருடைய பெயர் நிற்பது என்பது பெரிய சிக்கலாக இருந்தது.

மாவட்ட நிருவாகம் கூட்டத்தை வெற்றியெனக் கொண்டு கலைந்தது.

கொலை

மறுநாள் செப்டம்பர் 11, பாரதியார் நினைவு நாள். பரமக்குடிக்கு எதிரே வைகையின் மறுகரையில் நெசவாளர்கள் மிகுந்து வாழும் எமனேசுவரத்தில் நடந்த பாரதி விழாவில் இம்மானுவேல் உரையாற்றினார். பின்னர்ப் பரமக்குடிக்குத் திரும்பினார். இரவு ஒன்பது மணிக்கு மேல் நகரில் வைத்து ஒரு கும்பல் அவரைச் சூழ்ந்து வெட்டிக் கொன்றது. அவருடைய 33 ஆவது பிறந்தநாளுக்கு இன்னும் நான்கு வாரங்களே இருந்தன. அவரது உடல் பரமக்குடியிலேயே அடக்கம் செய்யப்பட்டது.

கலவரமும் துப்பாக்கிச் சூடும்

கொலைச் செய்தி பரவியதும் முதுகுளத்தூர், பரமக்குடி, சிவகங்கை, அருப்புக்கோட்டை வட்டாரங்களில் வன்முறை வெடித்தது. ஒரு தரப்புக் குடியிருப்புகளை மறு தரப்பு தாக்குவதும், பழிவாங்கும் தாக்குதல்களும் தொடர்ந்தன. ஆயிரக்கணக்கான கூரை வீடுகள் எரிக்கப்பட்டன. எரிந்த வீடுகளில் மிகப் பெரும்பான்மை ஒடுக்கப்பட்ட மக்களுடையவை. மொத்தத்தில் 40 க்கும் மேற்பட்டோர் உயிரிழந்ததாகப் பொதுவாகக் கணக்கிடப்படுகிறது. இதில் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் இறந்தவர்களும் அடங்குவர்.

செப்டம்பர் 14 அன்று கீழத்தூவல் என்னும் ஊரில் மறவர் சமூகத்தைச் சேர்ந்த ஐவரைக் காவல்துறையினர் சுட்டுக் கொன்றனர். குற்றவாளிகளைத் தேடிச் சென்ற காவலர்களைக் கூட்டம் தாக்கியதால் சுட நேர்ந்தது என்பது அரசின் கூற்று. பிடித்துச் செல்லப்பட்டவர்கள் கண்மாய்க் கரையில் நிறுத்திச் சுடப்பட்டனர் என்பது ஊராரின் கூற்று. வருவாய் வாரிய உறுப்பினர் வெங்கடேசுவரன் விசாரணை நடத்தி, துப்பாக்கிச் சூடு ஏற்கத்தக்கதே என அறிக்கை அளித்தார். நீதித்துறை விசாரணை வேண்டும் என்ற எதிர்க்கட்சிகளின் கோரிக்கை ஏற்கப்படவில்லை. அக்டோபர் மாதம் சென்னைச் சட்டமன்றத்தில் இது கடும் விவாதத்திற்கு உள்ளானது. உள்துறை அமைச்சர் மீ. பக்தவத்சலம் அரசின் நடவடிக்கைகளை ஆதரித்துப் பேசினார். கீழத்தூவலில் இறந்த ஐவருக்கும் அவர்தம் மக்கள் நினைவிடம் எழுப்பி ஆண்டுதோறும் அஞ்சலி செலுத்துகின்றனர். இவ்வாறாக ஒரே வாரத்தில் இரு சமூகங்களுக்கும் தத்தம் ஈகியர் கிடைத்தனர்.

வழக்கு

1957 செப்டம்பர் 28 அன்று முத்துராமலிங்கத் தேவர் மதுரையில் தடுப்புக் காவல் சட்டத்தின் கீழ்க் கைது செய்யப்பட்டார். பின்னர் இம்மானுவேல் கொலை வழக்கில் முதல் எதிரியாகச் சேர்க்கப்பட்டார். வழக்கு புதுக்கோட்டையில் விசாரிக்கப்பட்டது. அமைதிக் கூட்டத்தில் ஏற்பட்ட அவமதிப்பு உணர்வே கொலைக்குத் தூண்டுகோல் என்றும், தேவரின் தூண்டுதலால் சதி தீட்டப்பட்டது என்றும் அரசுத் தரப்பு வாதிட்டது. வழக்கு அரசியல் நோக்குடன் புனையப்பட்டது என எதிர்த்தரப்பு வாதிட்டது.

1959 சனவரியில் தீர்ப்பு வழங்கப்பட்டது. தேவர் மீதான குற்றச்சாட்டு மெய்ப்பிக்கப்படவில்லை எனக் கூறி நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. மேலும் பலரும் விடுவிக்கப்பட்டனர். மூவர் மட்டும் குற்றவாளிகளெனத் தீர்ப்பளிக்கப்பட்டனர். முத்துராமலிங்கத் தேவர் 1963 அக்டோபர் 30 அன்று மறைந்தார்.

நீதிமன்றத் தீர்ப்பு கொலைக் குற்றத்தை முடித்து வைத்ததே தவிர, அது பற்றிய வாதத்தை முடித்து வைக்கவில்லை. தினகரன் 1958 இல் எழுதிய முதுகுளத்தூர் கலவரம் என்னும் நூலும், வரலாற்றாசிரியர் கா. அ. மணிக்குமார் 2017 இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட ஆய்வு நூலும் இந்நிகழ்வுகளை விரிவாக ஆராய்கின்றன.

கொலையின் காரணங்கள் குறித்த நோக்கு

கொலை வழக்கில் நீதிமன்றம் கேட்கும் வினா, யார் கொன்றார், அதற்கு என்ன சான்று என்பதாகும். ஏன் கொல்லும் அளவுக்கு நிலைமை முற்றியது என்பது குற்றவியல் அறிஞரின் வினா. இம்மானுவேல் கொலையில் இந்த இரண்டாம் வினாவுக்கு நிலம், வாக்கு, மரியாதை என்னும் மூன்றும் விடைகளாக முன்வைக்கப்படுகின்றன.

நிலக்காரணத்தை வலியுறுத்துவோர், 1948 ஆம் ஆண்டின் சமீன் ஒழிப்புச் சட்டத்திற்குப் பின் பழைய உடைமை முறை தளர்ந்ததையும், வெளியூர் வருவாய் கொண்டு ஒடுக்கப்பட்டோர் சிலர் நிலம் வாங்கத் தொடங்கியதையும் சுட்டுவர். வாக்கு பற்றிய விளக்கம் மேலே கூறப்பட்டது. மூன்றாவதான மரியாதையே மனவியல் நோக்கில் மிகுந்த கவனத்திற்குரியது. தமிழ்ச் சிற்றூரில் மரியாதை என்பது ஒருவர் மனத்துக்குள் வைத்திருக்கும் மதிப்பு மட்டுமன்று. எழுந்து நிற்றல், துண்டை இடுப்பில் கட்டுதல், கோயிலில் முதலில் திருநீறு பெறுதல் எனப் பிறர் கண்காண வெளிப்படும் செயல்களால் ஆனது அது. அத்தகைய மரியாதையை ஒருவர் தர மறுக்கும்போது, பெறுபவர் அதனைத் தம் உடைமை பறிக்கப்பட்டதாகவே உணர்கிறார். பலர் முன்னிலையில் அது நிகழ்ந்தால் இழப்பு பெருகுகிறது. அதனை மீட்க வன்முறை தவிர வேறு வழியில்லை எனச் சுற்றத்தார் கருதும் சூழலில், கொல்பவர் தம்மைக் குற்றவாளியாக அல்லாமல் கடமையாற்றியவராகவே எண்ணிக்கொள்கிறார்.

இது இராமநாதபுரத்திற்கு மட்டும் உரியதன்று. அமெரிக்கக் குற்றவியல் அறிஞர் மார்வின் உல்ஃப்கேங், பிலடெல்பியா நகரில் 1948 முதல் 1952 வரை நிகழ்ந்த 588 கொலைகளை ஆராய்ந்து 1958 இல் நூலாக வெளியிட்டார். வெளியார் கண்ணுக்கு அற்பமாகத் தோன்றும் வசவு, இடித்துத் தள்ளுதல் போன்றவற்றிலிருந்தே கொலைகள் பல தொடங்கின என்பதும், கொன்றவரும் இறந்தவரும் பெரும்பாலும் முன்பே அறிமுகமானவர்கள் என்பதும் அவர் கண்ட முடிவுகளில் அடங்கும். ஆனால் பிலடெல்பியாவின் தெருச் சண்டைக்கும் பரமக்குடிக் கொலைக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. முன்னதில் இருவர் தத்தம் மானத்திற்காக மோதினர். பின்னதில் ஒரு தனிமனிதரின் நிமிர்ந்த நடை, ஒரு சமூகம் முழுவதன் நிலைமீதான அறைகூவலாகக் கொள்ளப்பட்டது. எனவே அவர்மீது தனிப்பட்ட பகை இல்லாதவர்களும் கொலைக் கும்பலில் சேர இயன்றது.

ஒடுக்குமுறை முழுமையாக நிலவும் ஊரில் இத்தகைய கொலைக்குத் தேவை எழுவதில்லை; அங்கே அச்சமே போதுமானது. பழைய பணிவு கேள்விக்குள்ளாகி, புதிய சமத்துவம் இன்னும் வேர்கொள்ளாத இடைக்காலத்திலேயே கொலைகள் மிகுகின்றன. 1968 இல் தஞ்சை மாவட்டம் கீழவெண்மணியிலும், 1997 இல் மதுரை மாவட்டம் மேலூருக்கு அருகிலுள்ள மேலவளவிலும் நிகழ்ந்தவற்றை இதனோடு ஒப்பிடலாம். கீழவெண்மணியில் கூலி உயர்வு கேட்ட உழவுத் தொழிலாளர்களின் குடும்பத்தினர் 44 பேர் குடிசைக்குள் எரிக்கப்பட்டனர். மேலவளவில் தனித்தொகுதியாக அறிவிக்கப்பட்ட ஊராட்சியில் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முருகேசனும் அவருடன் இருந்தவர்களும் பேருந்தை மறித்து வெட்டிக் கொல்லப்பட்டனர். மூன்றிலும் கொல்லப்பட்டோர் சட்டம் தமக்கு அளித்த ஒன்றைப் பயன்படுத்த முயன்றவர்களே.

தடுப்பு முயற்சிகள்

1957 இல் அரசின் கையில் கருவிகள் இல்லாமல் இல்லை. தடுப்புக் காவல் சட்டம் 1950 முதல் நடைமுறையில் இருந்தது. சூலை முதல் செப்டம்பர் வரை இரு மாதங்களுக்கு மேல் எச்சரிக்கை அறிகுறிகள் தென்பட்டன. எனினும் பதற்றத்தின் வேர் தேநீர்க் கடையிலும் வரப்பிலும் இருக்க, உடன்பாடு தலைவர்களின் மேசையில் தேடப்பட்டது. தலைவர்களை ஓரிடத்தில் அமரவைத்து ஒப்பம் பெறும் முறை பின்னாளிலும் அமைதிக் குழு என்ற பெயரில் பலமுறை பின்பற்றப்பட்டது. ஒப்பமிட்டவருக்கும் அரிவாள் ஏந்துபவருக்கும் இடையே உள்ள தொலைவை அம்முறை கணக்கில் கொள்வதில்லை. கூட்டத்தில் எதிர்த்துப் பேசியவர் அது முடிந்தபின் முன்னிலும் பெரிய இலக்காகிவிடுகிறார் என்பதையும் அது கருதுவதில்லை.

பிற்காலச் சட்டங்கள் இக்குறையைச் சிறிதளவு நிரப்ப முயன்றன. 1989 ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள், பட்டியல் பழங்குடிகள் வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும், அதன் 1995 ஆம் ஆண்டு விதிகளும், வன்கொடுமை நிகழக்கூடிய பகுதிகளை முன்கூட்டியே கண்டறிந்து அங்கு நடவடிக்கை எடுக்கும் பொறுப்பை மாவட்ட நிருவாகத்தின்மீது சுமத்துகின்றன. 2024 சூலை 1 அன்று இந்தியத் தண்டனைச் சட்டத்திற்கு மாற்றாக நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 103 ஆவது பிரிவு, ஐந்து பேரோ அதற்கு மேற்பட்டோரோ கூடிச் சாதி, இனம், மொழி, பிறந்த இடம் போன்றவற்றின் காரணமாக ஒருவரைக் கொன்றால், கும்பலில் இருந்த ஒவ்வொருவருக்கும் மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கப்படும் எனத் தனியே குறிப்பிடுகிறது. முந்தைய சட்டத்தில் சாதியின் பெயரால் நிகழும் கும்பல் கொலைக்கெனத் தனிப்பிரிவு இல்லை.

நினைவு

பரமக்குடியிலுள்ள இம்மானுவேல் சேகரன் நினைவிடத்தில் ஆண்டுதோறும் செப்டம்பர் 11 அன்று பெருந்திரளானோர் அஞ்சலி செலுத்துகின்றனர். தொடக்கத்தில் சுற்றுவட்டார ஊர்களின் நிகழ்வாக இருந்த இது, பின்னர்த் தென் மாவட்டங்கள் அனைத்திலிருந்தும் மக்கள் கூடும் நாளாக வளர்ந்தது. அவரைத் தியாகி என்ற அடைமொழியுடன் குறிப்பிடுவது வழக்கம். இந்திய அஞ்சல் துறை 2010 அக்டோபர் 9 அன்று அவர் நினைவாக அஞ்சல் தலை வெளியிட்டது.

2011 ஆம் ஆண்டு நினைவு நாளுக்கு இரு நாட்களுக்கு முன்னர் அம்மாவட்டத்தில் பள்ளி மாணவர் ஒருவர் கொல்லப்பட்டார். நினைவு நாளன்று, பரமக்குடிக்கு வந்துகொண்டிருந்த ஜான் பாண்டியன் கைது செய்யப்பட்டதை எதிர்த்து மறியல் நடந்தது. அப்போது காவல்துறை சுட்டதில் உயிர்ச்சேதம் ஏற்பட்டது. அந்நிகழ்வுகளில் ஆறு பேர் இறந்தனர். இது குறித்து விசாரிக்க நீதிபதி சம்பத் ஆணையம் அமைக்கப்பட்டது. துப்பாக்கிச் சூடு தவிர்க்கவியலாதது என்ற அதன் முடிவு கடும் விமர்சனத்துக்கு உள்ளானது.

2021 இல் நாடாளுமன்றம் இயற்றிய சட்டத் திருத்தத்தின்படி பள்ளர் உள்ளிட்ட ஏழு உட்பிரிவுகள் தேவேந்திரகுல வேளாளர் என்ற ஒரே பெயரின் கீழ்க் கொண்டுவரப்பட்டன. இம்மானுவேலின் காலத்தில் சங்கத்தின் பெயராக இருந்தது இதனால் சட்டப் பெயராயிற்று. 2023 இல் தமிழ்நாடு அரசு, பரமக்குடியில் அவருக்கு மணிமண்டபம் அமைக்கப்படும் என அறிவித்தது.

பரமக்குடியில் செப்டம்பர் 11 அன்று இம்மானுவேல் சேகரன் நினைவு நாளும், கமுதி அருகே பசும்பொன்னில் அக்டோபர் 30 அன்று முத்துராமலிங்கத் தேவர் செயந்தியும் ஏழு வார இடைவெளியில் வருகின்றன. இரு நாட்களையும் முன்னிட்டு இராமநாதபுரம் மாவட்டத்தில் தடையுத்தரவு பிறப்பிக்கப்படுவது வழக்கமாகிவிட்டது. மதுரையிலிருந்தும் பிற ஊர்களிலிருந்தும் வரும் ஊர்திகள் முன்அனுமதி பெற்று, காவல்துறை வகுத்த வழித்தடங்களில் மட்டுமே செல்ல விடப்படுகின்றன.